பாக்கியத்தாயின் அப்பாவும் மூவாயிரம் வருஷத்துப் பெரியவரும்

முன்பின் பார்த்திராத ஒரு பெண்ணுடைய அப்பாவை நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டு, ஊர் கூடி நிற்கும்போது, "மூவாயிரம் வருஷம் இருக்கும்" என்று சொன்னவன் நான். அவர் இறந்து மூன்று தீபாவளிதான் ஆகியிருந்தது.

இதை நானே முதலில் சொல்லிவிடுவது நல்லது. பிறகு யாரோ சொல்லிக் கேள்விப்பட்டு, நீங்கள் என் வீட்டுக்கு வந்து காபி குடித்து, கிளம்பும்போது செருப்பை மாட்டியபடி "அது உண்மையா சார்" என்று தயங்கிக் கேட்க வேண்டாம். உண்மைதான். சாட்சிகள் இருக்கிறார்கள். கொத்தனார், சித்தாள், போர்மேன், போலீஸ் ஏட்டு எல்லோரும் பார்த்தார்கள். ஏட்டு மட்டும் முகத்தைத் திருப்பிக்கொண்டார் என்று பிற்பாடு சொன்னார்கள். இருக்கலாம். அப்போது என் கவனம் முழுவதும் நாக்கில் இருந்தது.

எலும்பு படிக்க வந்திருக்கிறீர்கள். வாழ்த்துகள். எழுத்து என்ற ஒன்று வருவதற்கு முன்பே செத்துப்போனவர் எதை மென்றார், எந்தத் தோளில் சுமந்தார், எந்த முழங்கால் வலியோடு நடந்தார் என்றெல்லாம் நாம் சொல்லுவோம். நேற்று நம் வீட்டில் யார் சாப்பிட்டார்கள், யார் சாப்பிடாமல் படுத்தார்கள் என்று கேட்டால் தெரியாது. இந்தத் தொழிலில் ஒரு பெரிய சௌகரியம் உண்டு. நாம் யாரைப் பற்றிப் பேசுகிறோமோ அவர் எழுந்து வந்து மறுப்பதில்லை. பணிக்காலம் முழுக்க அந்தச் சௌகரியத்தில்தான் என் பேர் தப்பித்தது. ஒரே ஒருமுறை அது கைவிட்டது. மறுக்க அவர் வரவில்லை. மகளை அனுப்பினார்.

நாக்கு விஷயத்தை விளக்கிவிடுகிறேன், இல்லாவிட்டால் என்னை வேறு மாதிரி நினைப்பீர்கள். புது எலும்பில் பசை மாதிரி ஒரு சத்து இருக்கும். மண்ணுக்குள் காலம் போகப் போக அது கரைந்து, எலும்பு முழுக்கக் கண்ணுக்குத் தெரியாத துளைகளாகிவிடும். அதை நாக்கு நுனியில் வைத்தால் ஈரத்தை உறிஞ்சிக்கொண்டு ஒட்டிக்கொள்ளும். புது எலும்பு வழுக்கிப் போகும். ஒட்டினால் பழசு, வழுக்கினால் புதுசு. பள்ளத்தில் நிற்கிறவனுக்குச் செலவில்லாத சோதனை. எனக்கு மேலே இருந்த அதிகாரி, பெயர் வேண்டாம், இதைச் செய்ததே இல்லை. யார் எந்த எலும்பைக் கொண்டுவந்து நீட்டினாலும் அவர் அதைப் பார்க்கவே மாட்டார். கொண்டுவந்த ஆளின் முகத்தைப் பார்த்து, "எங்கே கிடந்தது?" என்பார். அவருக்கு எலும்பைப் பற்றி ஒன்றும் தெரியாது, அதனால்தான் பேச்சை மாற்றுகிறார் என்று வெகுகாலம் நினைத்துக்கொண்டிருந்தேன். என் கூர்மை அப்படி.

இரண்டாயிரமாவது ஆண்டுக்குப் பிறகு ஓர் ஆடி மாதம். தீபாவளி ஆர்டருக்காகச் சிவகாசி வட்டாரமே மூச்சுப் பிடித்து ஓடிக்கொண்டிருந்த நேரம். விஸ்வநத்தம் பக்கம் ஒரு பட்டாசுக் கம்பெனி, பக்கத்துக் கம்மங்காட்டைப் புதிதாக வாங்கி, தன் கம்பிவேலிக்குள் சேர்த்துக்கொண்டிருந்தது. அங்கே அறை கட்டக் குழி தோண்டினால் எலும்பு வருகிறது என்று, எலும்பு பார்த்து வயது சொல்லும் எங்கள் துறைக்குத் தகவல். விருதுநகர் என் சொந்த ஊர், மிளகாய் மண்டி நெடியில் தும்மி வளர்ந்தவன், ஆகவே அந்த வெயிலுக்கு நீயே போ என்று அனுப்பினார்கள். கௌரவமாக எடுத்துக்கொண்டு போனேன்.

வாசலில் வாட்ச்மேன் என் பையைத் திறந்தார்.

"என்ன சார் இதெல்லாம்?"

"தோண்டுற கரண்டி, குத்தூசி, பிரஷ், பூதக்கண்ணாடி."

"இரும்பு அம்புட்டையும் இங்கன வச்சிருங்க. கல்லுல பட்டா பொறி வரும்."

"பிரஷ் நைலான்தானே?"

"அதான் வேண்டாங்கேன். தேய்ச்சா கரண்டு வரும்."

"கண்ணாடி?"

அவர் சூரியனைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். கண்ணாடியை நானே எடுத்து மேசையில் வைத்தேன். செருப்பின் அடியில் ஆணி இருந்ததால் அதையும் கழற்றச் சொன்னார். செல்போனும் போயிற்று. ஆதிமனிதனைப் பார்க்கக் கிட்டத்தட்ட ஆதிமனிதனாகவே உள்ளே போனேன், கால்சட்டை மட்டும் கூடுதல். என்னிடம் மிஞ்சிய ஒரே கருவி நாக்கு. வாட்ச்மேன் அதைச் சோதிக்கவில்லை. சோதித்திருந்தால் மற்றவற்றைத் திருப்பிக் கொடுத்துவிட்டு அதை வாங்கி வைத்திருப்பார்.

பட்டாசுக் கம்பெனியில் எல்லோரும் ஒரே கூரையின் கீழ் உட்கார்ந்து வேலை செய்யமாட்டார்கள். சின்னச் சின்ன அறைகள், அறைக்கும் அறைக்கும் நல்ல இடைவெளி. ஒன்று வெடித்தாலும் அடுத்தது நிற்க வேண்டும். அதனால் காடு முழுக்க அங்கொன்றும் இங்கொன்றுமாகக் குழிகள். அந்தக் குழிகளிலிருந்து வந்த எலும்புகளையும் ஓட்டுச் சில்லுகளையும் ஒரே சாக்கின் மேல் கொட்டிக் குவித்து, சுற்றிலும் கூட்டிப் பெருக்கி வைத்திருந்தார்கள்.

"எல்லாத்தையும் ஒண்ணா சேத்துட்டோம் சார். நீங்க வரும்போது சுத்தமா இருக்கணும்ல" என்றார் முதலாளி. அந்தப் பக்கத்தில் வியாபாரிகளை அழைப்பதுபோல் எல்லோரும் அவரை அண்ணாச்சி என்றார்கள், நானும் அப்படியே அழைத்தேன். எது எந்தக் குழியிலிருந்து வந்தது என்று கேட்டிருக்க வேண்டிய நேரம் அது. என் அதிகாரி இருந்திருந்தால் குவியலுக்கு முதுகைக் காட்டி நின்று அதைத்தான் கேட்டிருப்பார். நான் கேட்கவில்லை. குவியல் நன்றாக இருக்கிறது என்று பாராட்டினேன்.

அண்ணாச்சி என்னைத் தனியே தள்ளிக்கொண்டு போனார். "சார், பழசுன்னு எழுதுனீகன்னா தொல்லியல்காரங்க வந்து கயிறு கட்டிருவாங்க. புதுசுன்னு எழுதுனீகன்னா ஏட்டையா கயிறு கட்டிருவாரு. சீசன் நேரம். ரெண்டுமில்லாம நடுத்தரமா ஒண்ணு எழுதிக் குடுங்க."

"நடுத்தரம்னா?"

"எங்க தாத்தா காலம்."

ஏட்டுக்கு அந்தக் கவலையெல்லாம் இல்லை. "கொலையா இல்லையா, அத மட்டும் சொல்லுங்க. எனக்கு வேற டூட்டி கெடக்கு."

குவியலிலிருந்து ஒரு துண்டை எடுத்தேன். ஊதினேன். நாக்கில் வைத்தேன். ஒட்டியது. நாலைந்து பேர் பக்கத்தில் வந்தார்கள். இன்னொரு துண்டு. அதுவும் ஒட்டியது. மிச்சப் பேரும் வந்து சூழ்ந்தார்கள். "ருசி பாக்காரு" என்று ஒரு கொத்தனார் பின்னால் நின்றவர்களுக்கு நேர்முக வர்ணனை கொடுத்தார். கூட்டம் சேர்ந்தால் எனக்கு ஒரு வியாதி உண்டு, நிறுத்தமாட்டேன். மூன்றாவதாக, வெள்ளையாக இருந்த ஒரு துண்டை எடுத்துக் கொஞ்சம் நாடகமாகவே நாக்கில் வைத்துக் கையை விட்டேன். அது தானாகத் தொங்கியது. சிலர் கைதட்டவும் செய்தார்கள் என்று நினைக்கிறேன். பிய்த்து எடுத்துவிட்டு அறிவித்தேன்: "மூவாயிரம் வருஷம் இருக்கும். மொத்தமும்."

ஏட்டு நிம்மதியாகக் கிளம்பிப் போனார். அண்ணாச்சி சிமென்ட் மூட்டை மேல் உட்கார்ந்துவிட்டார். நான் அந்தக் காலத்து மக்கள் இறந்தவரைப் பெரிய பானையில் வைத்துப் புதைத்த கதையைச் சொல்லத் தொடங்கினேன். யாரோ டீ கொண்டுவந்தார்கள். நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது.

அப்போது பழைய அறைகள் பக்கமிருந்து ஒரு பெண் வந்தார். நாற்பதை ஒட்டிய வயது. மணி மருந்து, வெள்ளி மருந்து என்று அவர்கள் சொல்லும் பட்டாசுத் தூள் முழங்கை வரை ஒட்டி வெயிலில் மின்னியது. போர்மேன் குறுக்கே வந்தார்.

"ஏ பாக்கியத்தாயி, சார் பேசிக்கிட்டு இருக்காகல்ல. அங்கிட்டுப் போ."

"பேசட்டும். நான் ஒரு வார்த்த சொல்லிட்டுப் போயிருதேன்." என்னிடம் திரும்பினார். "சார், அந்தக் குமியில எங்கப்பா இருக்காரு."

சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டேன் என்பதை என் நற்குணங்களில் ஒன்றாகக் குறித்துக்கொள்ளுங்கள், வேறு அதிகம் கிடைக்காது.

பாக்கியத்தாய் சொன்னது இது. அந்தக் கம்மங்காட்டில் ஆயுள் முழுக்கக் கூலி வேலை பார்த்தவர் அவருடைய அப்பா. இறந்து எரித்ததும், எலும்பைப் பொறுக்கிக் கலயத்தில் போட்டு, பால் தெளித்து, வாயைத் துணியால் கட்டினார்கள். ராமேஸ்வரம் கொண்டுபோய்க் கடலில் கரைக்கும் வரை அதை வீட்டுக்குள் வைக்கக்கூடாது. அதனால் காட்டு வேலியோரம் வேப்பமரத்தடியில் புதைத்தார்கள். அடுத்த அமாவாசைக்குப் போய்விடலாம் என்றுதான்.

"மொத வருஷம் ஆர்டரு, லீவு குடுக்கல. அடுத்த வருஷம் தம்பி கல்யாணம். பெறகு இந்தக் காட்ட அண்ணாச்சி வாங்கி வேலி போட்டாக, கேட்டா சீசன் முடியட்டும்னாக. இப்ப எலும்பு வந்து கட்டட வேலைய நிப்பாட்டுனதுல கம்பெனி வேன் சும்மா நிக்கி. அண்ணாச்சி எடுத்துட்டுப் போன்னுட்டாக. நாளைக்கு ஆடி அமாவாச. சாயங்காலம் கெளம்பணும். கலயத்த எடுப்போம்னு காலைல வந்து பாத்தா மரத்தடியில குழி கெடக்கு."

"இல்லம்மா" என்றேன், மிகவும் அன்பாக. முட்டாள்கள் அன்பாகப் பேசும்போது கவனமாக இருங்கள். "இதெல்லாம் ரொம்பப் பழசு. உங்க அப்பா வேற எங்கயாவது இருப்பாரு. நான் சோதிச்சுப் பார்த்துட்டேன்."

"எப்படிச் சோதிச்சீக?"

நான் பதிலைக் கொஞ்சம் நாகரிகமாக அமைக்க முயன்றேன். அதற்குள் கொத்தனார் உதவிக்கு வந்துவிட்டார். "நாக்குல வச்சுத்தான்."

பாக்கியத்தாய் என் வாயைப் பார்த்தார். "எங்கப்பாவையா?"

எரித்தார்கள் என்று அவர் சொன்ன சொல் அப்போதுதான் எனக்குள் போய்ச் சேர்ந்தது. நெருப்பில் வெந்த எலும்பிலும் அந்தப் பசைச் சத்து இருக்காது. மண் ஆயிரக்கணக்கான வருஷம் எடுத்துச் செய்வதைச் சிதை ஒரே பொழுதில் செய்துவிடும். அதுவும் நாக்கில் ஒட்டும், இன்னும் பலமாகவே ஒட்டும். இது எனக்குத் தெரியாத விஷயம் இல்லை. பரீட்சையில் எழுதி மார்க் வாங்கியிருக்கிறேன். மாணவர்களுக்குப் பாடமாகவும் எடுத்திருக்கிறேன், இதை மறந்தால் உருப்படமாட்டீர்கள் என்ற எச்சரிக்கையோடு. கையை விட்டும் தொங்கிய அந்த வெள்ளைத் துண்டு நினைவுக்கு வந்தது. டீ கிளாஸைக் கீழே வைத்தேன்.

அண்ணாச்சி சிமென்ட் மூட்டையிலிருந்து எழுந்துவிட்டார். முகத்தில் தீபாவளி. "அப்ப மொத்தமும் பாக்கியத்தோட அப்பாதான். அப்படியே எழுதிருங்க சார். அள்ளிக் குடுத்து அனுப்பிருவோம்."

"ரெண்டு கீழ்த்தாடை இருக்கு அண்ணாச்சி."

"வாய்க்காரரா இருந்திருப்பாரு."

"பெரிய பானைச் சில்லு இருக்கு. இன்னொரு ஆள் இருக்கார். அவர் உண்மையிலேயே பழசு."

"இருக்கட்டுமே. கடல்ல போட்டா ஒரு ஆளு என்ன, ரெண்டு ஆளு என்ன?"

உங்களிடம் ஒளிக்காமல் சொல்கிறேன், அது எனக்கு நல்ல யோசனையாகவே பட்டது. மொத்தத்தையும் கொடுத்தால் அந்தப் பெண்ணுக்கு அப்பா கிடைத்துவிடுவார், அண்ணாச்சிக்கு அறை கிடைத்துவிடும், நான் சொன்ன மூவாயிரம் வருஷம் கடலுக்குள் போய்விடும், யாரும் எடுத்துப் பார்க்க முடியாது. எல்லோருக்கும் சௌகரியமான ஒரு முடிவு உங்கள் முன்னால் தானாக வந்து நின்றால், அதில் யாரோ ஒருவர் விடுபட்டிருக்கிறார் என்று அர்த்தம். இங்கே விடுபட்டவர் அந்தப் பழைய பெரியவர். அவருக்காகப் பேச அங்கே ஆளில்லை. சம்பளம் வாங்கிக்கொண்டு பேச வேண்டிய ஒரே ஆள் நான். அதற்கான வாய் ஏற்கெனவே நாறிப்போயிருந்தது.

யோசனையை முறித்தது பாக்கியத்தாய்தான். "எனக்கு அம்புட்டும் வேண்டாம் அண்ணாச்சி. எங்கப்பா மட்டும் போதும். யாரையோ கரைச்சிட்டு வந்து, இவரு பாதி இங்கன அட்டப்பெட்டில கெடந்தாருன்னா அப்புறம் நான் எப்படித் தூங்க?"

பிரித்தே ஆகவேண்டும் என்று ஆகிவிட்டது. அதுவும் பொழுது சாய்வதற்குள். சாயங்காலம் வேன் கிளம்புகிறது என்பது ஒன்று. பட்டாசுக் கம்பெனிக்குள் விளக்குப் போட்டுக்கொண்டு உட்கார முடியாது என்பது இன்னொன்று.

கடைசியில் அந்தக் கேள்வியைக் கேட்டேன். "எது எங்கே கிடந்தது?" பெரிய பானை நடுக்குழியில் என்றார் போர்மேன். சின்னக் கலயம் மரத்தடிக் குழியில். கலயத்தின் வாயில் துணி கட்டியிருந்ததா? "இருந்துச்சு சார். அழுக்கா இருந்துச்சு, தூக்கிப் போட்டுட்டோம். சுத்தமா இருக்கணும்னு அண்ணாச்சி சொன்னாகல்ல."

எலும்பைப் பரப்ப விரிப்பு கேட்டேன். சிவகாசியில் தாளுக்கா பஞ்சம். அண்ணாச்சிக்கு அச்சகமும் உண்டு. நிறம் ஒட்டாமல் கழித்த காலண்டர் தாள்கள் ஒரு கட்டு வந்தன. முதல் தாளில் லட்சுமி. அடுத்ததில் முருகன். பார்த்துக்கொண்டிருந்த பெண்கள் ஒரே குரலில் தடுத்தார்கள். "சாமி மேல பொணத்த வைக்காதீக." தேடித் தேடிக் கடைசியில் ஒரு பனிமலைக் காட்சியும், கொழுகொழுவென்று ஒரு குழந்தை படமும் கிடைத்தன. பாக்கியத்தாயின் அப்பாவுக்குப் பனிமலை. மூவாயிரம் வருஷத்துப் பெரியவருக்குக் குழந்தை.

பார்த்தால் தெரிகிற விஷயம்தான், பார்த்திருந்தால். வெந்த எலும்பு வெள்ளையாக, இடையிடையே நீலச் சாம்பல் பூத்து, நகக்கீறல் மாதிரி வளைவு வளைவாக வெடித்திருக்கும். ஒன்றோடொன்று பட்டால் ஓடு மாதிரி சத்தம் வரும். பழையவருடையது மண்ணின் பழுப்பு ஏறி, மேலெல்லாம் வேர் ஓடிய தடம். ஒவ்வொன்றாக எடுத்து வைத்தேன். பாக்கியத்தாய் எதிரே குந்தி உட்கார்ந்திருந்தார். நான் தயங்கிய ஒவ்வொரு முறையும் எலும்பைப் பார்க்காமல் என் முகத்தைப் பார்த்தார். அவருக்கு எலும்பு தெரியாது, நான் பொய் சொல்கிறேனா என்பதைப் பார்க்கத் தெரியும். ஒருமுறை யோசனையாக எச்சில் விழுங்கினேன். "சார்" என்றார். கையிலிருந்ததை வாயிலிருந்து தள்ளியே வைத்துக்கொண்டேன்.

பனிமலை நிரம்பியது. குழந்தையும் மறைந்தது. கையில் ஒன்றே ஒன்று மிஞ்சியது, ஓர் இடது குதிகால் எலும்பு. இரண்டு தாள்களையும் பார்த்தேன். இரண்டு பேருக்கும் இடது குதிகால் இல்லை.

முழுக்கக் கருகிக் கறுத்திருந்தது. சிதையில் பாதம் நெருப்பின் விளிம்பில் கிடப்பதால் சிலசமயம் வெள்ளையாக வேகாமல் கறுப்போடு நின்றுவிடும். ஆகவே அப்பா. ஆனால் பெரிய பானையின் அடிச்சில்லிலும் கரி ஒட்டியிருந்தது, உள்ளே ஏதோ நெருப்புச் சடங்கு செய்திருக்கிறார்கள். ஆகவே பெரியவர். அளவிலும் வித்தியாசம் சொல்ல முடியவில்லை. ஆய்வுக்கூடத்துக்கு அனுப்பினால் பதில் வர மாதக்கணக்காகும். வெளியே வேன் ஹாரன் அடித்தது. பாக்கியத்தாயின் தம்பியும் உறவுக்காரர்களும் ஏறி உட்கார்ந்துவிட்டார்களாம்.

அண்ணாச்சி குனிந்து பார்த்தார். "அப்ப பழசும் இருக்கு, புதுசும் இருக்கு. ரெண்டு கயிறும் எனக்குத்தானா?"

"எரிச்ச சாம்பலுக்கு ஏட்டு வரமாட்டாரு. ஒரு கயிறுதான் அண்ணாச்சி. அறைகளை அந்தப் பக்கம் தள்ளிக் கட்டிக்கோங்க."

"நடுத்தரமா எழுதியிருக்கலாம்" என்றபடி போனார்.

தம்பி தங்கைகளே, இந்த இடத்தில் நம் புத்தகங்கள் உதவாது, தேடிப் பார்த்துவிட்டேன். சந்தேகம் இருந்தால் மாதிரியைப் பாதுகாக்கவும் என்று எழுதியிருக்கும். எழுதியவர் எதிரே யாருடைய மகளும் குந்தி உட்கார்ந்திருக்கவில்லை. நான் என் அரைகுறை மூளையால் கணக்குப் போட்டது இப்படி. குதிகாலை நான் வைத்துக்கொண்டு அது அவருடைய அப்பாவாக இருந்துவிட்டால், ஒரு மனிதரின் கால் எங்கள் அலமாரியில் பூட்டிக் கிடக்கும், ஒரு பெண் தூங்கமாட்டாள். கொடுத்தனுப்பி அது பெரியவராக இருந்துவிட்டால், மூவாயிரம் வருஷமாகத் திதி கொடுக்க ஆளில்லாத ஒருவருக்கு யாரோ எள்ளும் தண்ணீரும் விடுவார்கள். விஞ்ஞானத்துக்கு ஒரு குதிகால் நஷ்டம். விஞ்ஞானம் அன்றைக்குக் காலையில் என்னால் அடைந்த நஷ்டத்தைவிட அது குறைவுதான்.

துறை அலமாரியில் பெரியவர் இப்போதும் இருக்கிறார். நீங்கள் அவரை எடுத்துப் பரப்பும்போது இடது குதிகாலைத் தேடுவீர்கள். தேடவேண்டாம். எனக்குப் பின்னால் வந்தவர்கள் அதை எலி தூக்கிப் போயிருக்கும் என்று நினைத்துப் பெட்டிக்குள் பூச்சி உருண்டை போட்டு வைத்திருக்கிறார்கள்.

பனிமலைத் தாளை நான்கு முனையும் சேர்த்து மடித்துப் புதுக்கலயத்துக்குள் வைத்தார் பாக்கியத்தாய். மஞ்சள் துணியை வாயில் கட்டப் போனார். பேசாமல் குதிகாலையும் உள்ளே போட்டிருக்கலாம். யாருக்கும் தெரிந்திருக்காது. ஆனால் அன்றைக்கு ஒருமுறை தெரியாததைத் தெரிந்ததுபோல் சொல்லியாயிற்று. கையை நீட்டிக் காட்டினேன்.

"தாயி, மத்ததெல்லாம் உங்க அப்பா, அதுல சந்தேகமில்ல. இது ஒண்ணு மட்டும் உங்க அப்பாவா, அந்தப் பழைய ஆளான்னு எனக்கு நெசமாவே தெரியல."

அவர் என் முகத்தைப் பார்த்தார். பிறகு குதிகாலை வாங்கிக் கலயத்துக்குள் வைத்துத் துணியை இழுத்துக் கட்டினார்.

"வரட்டும் சார், வேன்ல எடம் இருக்கு."